கணுக்கால்

எங்கள் வீட்டுப் பிள்ளைகளுக்கு
அரைஞாண் கயிறு கட்டுவதில்லை.
தண்டை இல்லை, கொலுசு இல்லை.
கேட்டவர்களிடம் அப்பா
"நமக்கு ஆகாது" என்பார்.
ஏதோ சாமி குத்தம் என்று
பெண் கொடுத்தவர்கள் எல்லோரும் நம்பினார்கள்.

அப்பா ஆட்டைக்கூடக் கட்டமாட்டார்.
பட்டிப் படலைச் சாத்திவிட்டு
அது திறந்துகொள்ளும் என்று தெரிந்தே தூங்கப் போவார்.
காலையில் பக்கத்துக் காட்டுக்காரன்
கடித்த சோளத்தட்டோடு வந்து நிற்பான்.
ஒரு வார்த்தை பேசாமல்
மடியிலிருந்து எண்ணிக் கொடுப்பார்.

நான் மஸ்கட்டில்
கயிறு பார்த்துச் சம்பளம் வாங்குகிறேன்.
நாற்பது மீட்டர் சாரத்தில் ஏறும் ஒவ்வொருவன் இடுப்பிலும்
வாரை இழுத்து, கொக்கியைத் தட்டி
"போ" என்று சொல்வது என் வேலை.
எட்டு வருஷத்தில் ஒருத்தனும் விழவில்லை.
பாஸ்போர்ட்டைக் கம்பெனி பீரோவில் வைத்துப் பூட்டிய அன்றும்
கை நடுங்காமல் கையெழுத்துப் போட்டவன்தான்.

ரூவி ஆஸ்பத்திரியில்
மகள் பிறந்து நாற்பது நிமிஷம்.
லிஸம்மா சிஸ்டர் அவளைத் துடைத்து
இடது கணுக்காலில் ஒரு பட்டையை மாட்டினாள்.
நகத்தளவு வெள்ளைப் பெட்டி,
உள்ளே சிவப்பாய் ஒரு கண்.
"யாராவது தூக்கிட்டு வாசல் தாண்டினா சத்தம் போடும்.
நல்லதுக்குத்தான்" என்றாள்.

"அவுத்துடுங்க" என்றேன்.
சிரித்தாள்.
"அவுத்து விடுடீ" என்று நான் கத்தியது
லிஃப்ட் வரைக்கும் கேட்டதாம்.
என் தொண்டையில் அப்படியொரு குரல் இருப்பது
அன்றைக்குத்தான் எனக்கே தெரியும்.
செக்யூரிட்டி வந்தான். மன்னிப்புக் கேட்டேன்.

ராத்திரி இரண்டு மணி, ஊரில் மூன்றரை.
சின்னக்காளி அத்தைக்குப் போன் போட்டேன்.
யாரோ செத்துவிட்டதாக நினைத்துவிடுவாள் என்று
முதலில் குழந்தையைச் சொன்னேன்,
பிறகு பட்டையை.
வெகுநேரம் அந்தப் பக்கம் சத்தமே இல்லை.
வெற்றிலை துப்பிவிட்டு வந்து கேட்டாள்:
"உங்கப்பன் சொல்லவே இல்லியா?"

நாலு வள்ளம் ராகிக்கு
ஏழு வயசில் பண்ணையத்தில் விடப்பட்டவர்
என் தாத்தா நல்லான்.
முதல் மாசம் இரண்டு தரம் ஓடிவந்தார்.
இரண்டு தரமும் அவருடைய அப்பாவே
கூட்டிக்கொண்டு போய்த் திரும்ப விட்டார்.
ராகியைத் தின்று தீர்த்தாகிவிட்டது.

அதற்கப்புறம் ராத்திரிதோறும்
கணுக்காலில் கயிறு.
மறுமுனை கன்றின் கழுத்தில்,
மணிக்குப் பக்கத்தில்.
இவர் அசைந்தால் அது அசையும்.
அது அசைந்தால்
பண்ணையக்காரர் இருமுவார்.
ஐந்து வருஷம், அந்த இருமலுக்குக் கீழே தூங்கியிருக்கிறார்.

"செத்தன்னிக்குக் குளிப்பாட்டுறப்பப் பார்த்தேன்.
அந்த எடத்துல மட்டும்
மயிரே மொளைக்கல" என்றாள் அத்தை.

விடியும்வரை என் சுண்டுவிரலைப்
பட்டைக்கும் தோலுக்கும் நடுவே விட்டு உட்கார்ந்திருந்தேன்.
அவள் தூக்கத்தில் உதைத்தாள்.
சிவப்புக் கண் என் நகத்தில் பட்டுப் பட்டு அணைந்தது.
ஜன்னலில்
ஒரு மரமும் இல்லாத மலை.

மூன்றாம் நாள் லிஸம்மா
கத்தரிக்கோலால் வெட்டிக் கூடையில் போட்டாள்.
என்னைப் பார்க்கவில்லை.

வாதி கபீர் சிக்னலில்
சங்கவியிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.
அவள் பையில், அவள் அம்மா கொடுத்தனுப்பிய
கொலுசுப் பெட்டி இருந்தது.
அதைப் பற்றி ஏதாவது சொல்வாள் என்று
கண்ணாடியில் பார்த்தேன்.
பச்சை விழுந்து, பின்னால் ஒருவன் ஹாரன் அடித்து,
ரவுண்டானா தாண்டி
வெகுதூரம் கழித்துக் கேட்டாள்:

"ராத்திரி ஒண்ணுக்கு வந்தா
என்ன பண்ணியிருப்பாரு?"

தெரியவில்லை.
அப்பாவுக்குத் தெரியுமா, அதுவும் தெரியவில்லை.
எண்பது வருஷத்தில்
எங்கள் வீட்டில் யாரும் கேட்டதில்லை.

பின்னிருக்கையில்
குழந்தை நனைத்திருந்தாள்.
வண்டியை ஓரம் கட்டினேன்.